மலைமேல ஒரு தெரு லைட்டு

பஸ்ஸுல லைட்டைப் போட்டுட்டான், பாத்தீங்களா. இனிமே ஜன்னல்ல நம்ம மூஞ்சிதான் தெரியும், வெளிய ஒண்ணும் தெரியாது.

தலைவலியெல்லாம் இல்ல, தம்பி. ஏன் கண்ணை மூடிக்கினு இருக்கீங்கன்னு கேட்டீங்களே, அதுக்குச் சொல்றேன். எனக்கு வெளிச்சம் ஆகாது. வியாதி இல்ல, பழக்கம். நான் வானம் பாக்கற ஆளு. அய்யோ, ஜோசியம் இல்ல. எல்லாரும் அதைத்தான் கேக்கறாங்க. எங்க ஊர்ல ஒருத்தர் புள்ளையோட ஜாதகத்தையே தூக்கிக்கினு வந்து நின்னாரு. நான் பாக்கறது டெலஸ்கோப்புல. ஜவ்வாது மலையில, ஜமுனாமரத்தூர் போற வழியில, உள்ளடங்கி ஒரு வீடு. டெலிபோன்ஸ்ல இருந்து ரிட்டயர் ஆனதும் வேலூர் வீட்டைக் குடுத்துட்டு அங்க போயிட்டோம். நானும் எங்க வீட்டம்மாவும். புள்ளைங்க இல்ல.

ஏன் மலைக்குப் போனேன்னா, இருட்டுக்காக. சிரிக்காதீங்க. இருட்டு இப்ப எங்க கெடைக்குது சொல்லுங்க. வேலூர்ல மொட்டைமாடியில நின்னா கோட்டைப் பக்கம் வெளிச்சம், ஆஸ்பத்திரிப் பக்கம் வெளிச்சம், ஒரு நாலு நட்சத்திரம் தெரிஞ்சா பெரிசு. மலையில அப்படி இல்ல. மொதல் நாள் நான் மாடியில ஏறி அண்ணாந்து பாத்துட்டு அப்படியே உக்காந்துட்டேன். ரேணுகாவைக் கூப்பிட்டேன். அவ வந்து பாத்தா. "அம்மாடி"ன்னா. அப்புறம், "ஏங்க, பக்கத்துல ஒரு வீடுகூட இல்லையே"ன்னா. அவளுக்குத் தோணினது அதுதான்.

நான் பாக்கறது நிலா, சனிக்கிரகம் மாதிரி இல்ல, தம்பி. அதெல்லாம் ஸ்கூல் பசங்களுக்குக் காட்டறது. நான் பாக்கறது ரொம்ப தூரத்துச் சாமான். கேலக்ஸி, நெபுலா, நட்சத்திரக் கொத்து. போட்டோவுல கலர் கலரா இருக்குமே, கண்ணுல அப்படித் தெரியாது. கண்ணாடியில மூச்சு விட்டா ஒரு படலம் படியும் பாருங்க, அந்த மாதிரி. இருக்கா இல்லையான்னு சந்தேகமா இருக்கும். நேரா பாத்தா காணாமப் போயிடும். கொஞ்சம் பக்கத்துல பாக்கணும், அப்ப ஓரக்கண்ணுல மெல்ல வரும். அதுக்குப் பட்டியல் இருக்கு. ஒரு பிரெஞ்சுக்காரர் அந்தக் காலத்துல போட்ட பட்டியல் ஒண்ணு, நூத்துச் சொச்சம். அதை வேலூர்ல இருக்கும்போதே அங்க இங்க போய் முடிச்சேன். அடுத்தது நானூறு சாமான் இருக்கிற பட்டியல். அதுக்குத்தான் மலை. ஒவ்வொண்ணா தேடிப் புடிச்சு, எப்படித் தெரிஞ்சுது, வட்டமா நீட்டமான்னு குறிச்சு, டிக் போடணும்.

ரேணுகா ஒரு நாள் கேட்டா. "எல்லாத்தையும் டிக் போட்டு?"

"போட்டு என்ன? முடிக்கணும்."

"முடிச்சு?"

இதுக்கு என்ன பதில் சொல்றது, சொல்லுங்க. சில பேருக்கு அந்த ஞானம் வராது. குத்தம் சொல்லல.

இதுல முக்கியம் கண்ணு. இருட்டுல உக்காந்தா கண்ணு பழகறதுக்கே அரைமணி ஆகும். அப்புறம்தான் மங்கலானது தெரியும். நடுவுல ஒரே ஒரு தீக்குச்சி வெளிச்சம் பட்டாலும் போச்சு, மறுபடி மொதல்லேர்ந்து. சிவப்பு வெளிச்சம் மட்டும் ஒண்ணும் பண்ணாது. அதனால சின்னதா ஒரு சிவப்பு டார்ச் வெச்சிருக்கேன். வீட்டு ஜன்னலுக்கெல்லாம் கறுப்புப் பேப்பர் ஒட்டினேன். அவ போனுக்குச் சிவப்புக் கண்ணாடித்தாள் ஒட்டிக் குடுத்தேன். என்னால முடிஞ்சதெல்லாம் பண்ணேன்.

ஆனா பொம்பளைங்களுக்கு ஞாபகம் இருக்காது. ஒரு நாள் நான் மாடியில இருக்கறேன், பளிச்சுன்னு படிக்கட்டு லைட்டைப் போட்டுட்டா. ஒரு மாசமா தேடின நெபுலா போச்சு. கேட்டா, "பாம்பு மாதிரி ஏதோ நெளிஞ்சுதுங்க"ன்றா. பாம்பாவது ஒண்ணாவது, கயித்துத் துண்டு. அன்னையிலேர்ந்து நான் ஒரு வேலை பண்ணேன். பொழுது சாஞ்சதும் மெயின்ல இருக்கிற ஃபியூஸ் கட்டையைப் புடுங்கி பாக்கெட்டுல போட்டுக்குவேன். கீழ எறங்கி வந்தப்புறம் மாட்டிடுவேன். சண்டையே இல்ல பாருங்க. அவளும் அஞ்சு மணிக்கே சமையலை முடிச்சு, வெளிச்சம் இருக்கும்போதே சாப்பிட்டுடுவா.

அவளுக்கு ஒரு குறையும் வெக்கல, தம்பி. கேஸ் இருக்கு, கிரைண்டர் இருக்கு, பெரிய டிவி வாங்கிப் போட்டேன். சாயங்காலம் போட முடியாதுன்றது வேற விஷயம். பகல் பூரா பாக்கலாமே. நிலா இருக்கிற நாள்ல ராத்திரியும் பாக்கலாம். மழைக்காலம் பூரா பாக்கலாம். அவளுக்குப் புடிச்ச சீரியல் அந்த நேரத்துல வரலன்னா அதுக்கு நான் பொறுப்பா? மழைக்காலத்துல மேகம் மூடிக்கினு என்னால ஒண்ணும் பாக்க முடியாம நான்தான் வீட்டுக்குள்ள அடைஞ்சு கெடப்பேன். அவ சந்தோஷமா எல்லா லைட்டையும் போட்டுக்கினு உக்காந்திருப்பா. அடுப்படியில, ரூம்ல, வராண்டாவுல, ஆளே இல்லாத எடத்துலகூட.

அவ தம்பி ஒருத்தன் இருக்கான், புருஷோத்தமன், வேலூர்லதான். அவன் பொண்ணு மஞ்சள் நீராட்டு விழா அமாவாசைக்கு அடுத்தாப்புல வந்துச்சு. வருஷத்துல நல்ல இருட்டு நாள் எத்தனை வரும்? "நீ போயிட்டு வா"ன்னு சொன்னேன். தனியா எப்படிப் போறதுன்னு நின்னுட்டா. அது என் தப்பா?

இப்ப லைட்டு விஷயத்துக்கு வரேன். அதைச் சொல்லத்தான் ஆரம்பிச்சேன்.

குடியரசு தினத்தன்னைக்குக் கிராம சபைக் கூட்டம் போடுவாங்க, தெரியுமில்ல. நான் வழக்கமா போறதில்ல. அன்னைக்கு ரேணுகா, "சின்னப்பொண்ணு கூப்பிடுது, போயிட்டு வரேன்"னா. சின்னப்பொண்ணு யாருன்னா, எங்களுக்குக் கீழ, சரிவுல, சாமைக்காட்டு ஓரமா வீடு. நல்ல மாதிரி. சரி, நானும் வரேன்னு கூடப் போனேன். ஸ்கூல் மைதானத்துல சாமியானா. பஞ்சாயத்துத் தலைவி மைக்கைப் புடிச்சு, "வேற யாருக்கு என்ன வேணும், சொல்லுங்க"ன்னாங்க.

பாத்தா, ரேணுகா எழுந்து நிக்கறா. நாலு பேர் இருக்கிற எடத்துல வாயைத் தொறக்காதவ, தம்பி.

"எங்க வீட்டுக்கு எதிர்ல ஒரு லைட்டு வேணும்"னா.

"உங்க ஒரு வீட்டுக்காம்மா கம்பம் நட முடியும்?"

"சின்னப்பொண்ணு வீட்டுப் புள்ளைங்களும் அந்த வழியாத்தான் வருது. எங்க வீட்டுல இருட்டு ஜாஸ்தியா இருக்கு."

எல்லாரும் சிரிச்சுட்டாங்க. "சாரு வீட்டுல கரண்டு பில்லு கட்டலயா?"ன்னு பின்னாலேர்ந்து ஒருத்தன். எனக்கு எப்படி இருந்திருக்கும்? நான் எழுந்து, "அதெல்லாம் வேணாங்க, அவங்க தெரியாமப் பேசறாங்க"ன்னேன்.

தலைவி ரெண்டு பேரையும் பாத்தாங்க. "இப்ப நான் யார் சொல்றதை எழுதறது?"

"நான் சொல்றதை எழுதுங்க"ன்னா ரேணுகா. என்னைப் பாக்காமயே சொன்னா.

அந்தத் தலைவிக்கு என்மேல ஏதோ இருக்கு. இல்லன்னா எழுதுவாங்களா? ரோடு போடச் சொன்னா வருஷக்கணக்கா போடல. லைட்டுன்னதும் எழுதிக்கிட்டாங்க.

திரும்பி வரும்போது பாதி வழியில அவதான் பேசினா. "நீங்க பாக்கறதெல்லாம் அங்கயேதான இருக்கப் போவுது? கொஞ்ச நாள் எங்கூட கீழ உக்காந்தா என்ன?" நான் சொன்னேன், அங்கயே இருக்காது, பூமி சுத்துது, சிம்ம ராசி இப்பத்தான் சாயங்காலத்துல மேல வருது, இதை விட்டா ஒரு வருஷம் காத்திருக்கணும். பொறுமையாத்தான் சொன்னேன். கேட்டுக்கினே வந்தா. அப்புறம் முந்தானையைத் தலைக்குப் போட்டுக்கினு முன்னால நடந்துட்டா.

டீ குடிக்கிறீங்களா? ஆம்பூர்ல நிக்காது போல, நேரா போறான். சரி.

அதுக்கப்புறம் மாசி மாசத்து அமாவாசை. அன்னைக்கு வானம் எப்படி இருந்துச்சு தெரியுமா? கழுவி வெச்ச மாதிரி. எனக்குப் பட்டியல்ல கொஞ்சம்தான் பாக்கி. அதுல அந்த சிம்ம ராசி சிங்கத்தோட வயித்துப் பக்கம் ஒரு கேலக்ஸி. மூணு வருஷமா அதைத் தேடறேன், கெடைக்கவே இல்ல. எடம் தெரியும், அங்கதான் இருக்கு, ஆனா கண்ணுக்கு வரல. அன்னைக்கு ராத்திரிச் சாப்பாட்டு நேரம் இருக்கும். மூச்சைப் புடிச்சுக்கினு பாக்கறேன். ஓரமா என்னவோ இருக்கற மாதிரி இருக்கு. இல்லாத மாதிரியும் இருக்கு. வருது. போவுது. வருது.

அப்பத்தான் கீழ, பின்பக்கம், துணி தொவைக்கிற கல்லுகிட்ட ஏதோ விழுந்த சத்தம். "ஏங்க"ன்னா.

"இதோ வரேன்"னேன்.

மறுபடி, "ஏங்க".

வரேன்னுதான் சொன்னேன், தம்பி. அதுல இருந்து கண்ணை எடுத்தா போயிடும். மூணு வருஷம். நீங்களா இருந்தா என்ன பண்ணியிருப்பீங்க? கொஞ்ச நேரம்தான். அப்படியே வந்துச்சு பாருங்க, நீட்டமா, ஒரு பக்கம் சாஞ்சு, நடுவுல துளி வெளிச்சம். நான் பாத்தேன். பாத்துட்டு, குறிச்சுட்டு, எறங்கினேன். குறிக்கிறதுக்கு எவ்வளவு நேரம் ஆகும்?

செவுத்துல சாஞ்சு உக்காந்திருந்தா. சிவப்பு டார்ச்சை அடிச்சேன். "எங்க பட்டுச்சு?"ன்னேன். நெத்தியில கையை வெச்சா. மூஞ்சியெல்லாம் ஈரம். குடத்துத் தண்ணி கொட்டிக்கினு விழுந்திருக்கான்னு நெனச்சேன்.

சிவப்பு வெளிச்சத்துல ரத்தம் தெரியாது, தம்பி. அது உங்களுக்குத் தெரியுமா? எனக்குத் தெரியணும், படிச்சவன். அந்த நேரத்துக்குத் தோணல. தண்ணி மாதிரிதான் இருந்துச்சு. சத்தியமா.

"ஃபியூஸை மாட்டுங்க"ன்னா.

நான் சொன்னேன், "மாட்டினா கண்ணு போயிடும்மா, இன்னும் ரெண்டு பாக்கி இருக்கு, அடி ஒண்ணும் பெருசா இல்ல, துண்டை நனைச்சு வெச்சுக்கினு படு"ன்னேன். துண்டு எடுத்துக் குடுத்தேன். நானேதான் எடுத்துக் குடுத்தேன். வலிக்குதுன்னு சொல்லியிருந்தா நான் இருந்திருப்பேன். சொல்லலையே. நான் மேல போயிட்டேன்.

கொஞ்ச நேரத்துல கீழ சரிவுல ஒரே டார்ச் வெளிச்சம். ஆளுங்க ஓடறாங்க. சின்னப்பொண்ணு கத்துது. எனக்குக் கோவம் வந்துடுச்சு. "யாருடா டார்ச் அடிக்கிறது, அணைங்கடா"ன்னு மாடியிலேர்ந்து சத்தம் போட்டேன். வண்டிச் சத்தம் ஒண்ணு வந்து போச்சு. அப்பால அமைதியாயிடுச்சு. நானும் மீதி ரெண்டையும் தேடினேன். கெடைக்கல.

அவ வீட்டுல படுத்திருக்கான்னுதான் நெனச்சேன். இருட்டுல வேலியைப் புடிச்சுக்கினே சின்னப்பொண்ணு வீட்டுக்குப் போயிருக்கா. அங்கேர்ந்து அவங்க ஆம்புலன்ஸைக் கூப்பிட்டு திருப்பத்தூர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கினு போயிருக்காங்க. நான் எறங்கி ரூம்ல பாத்தா படுக்கை காலி. ஃபியூஸை மாட்டி லைட்டைப் போட்டேன்.

போட்டேன். பின்பக்கம் கல்லு, செவுரு, அடுப்படி, வாசப்படி வரைக்கும்... அதை விடுங்க. கழுவிட்டேன்.

காலையில மொதல் பஸ்ஸுல எறங்கிப் போனேன். தலையைச் சுத்திக் குல்லா மாதிரி கட்டுப் போட்டிருந்தாங்க. முன்பக்கம் முடியை வழிச்சுட்டாங்களாம். தையல் போட்டதா சொன்னாங்க, எத்தனைன்னு நான் கேக்கல. அவளுக்குச் சந்தோஷமா இருக்கட்டுமேன்னு, "அந்த சிம்ம ராசி கேலக்ஸி கெடைச்சுடுச்சு, ரேணு"ன்னு சொன்னேன். மூணு வருஷமா நான் பட்ட பாடு அவளுக்குத்தான தெரியும்.

செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கினா.

புருஷோத்தமன் வந்து என் தோளைத் தொட்டான். மரியாதையான பையன், ஒரு வார்த்தை தப்பா பேசல. "மாமா, நீங்க வீட்டுக்குப் போங்க. நாங்க பாத்துக்கறோம்"னான். வேலூருக்குக் கூட்டிக்கினு போயிட்டான். அவ்வளவுதான்.

சித்திரை பொறந்ததும் லைட்டு வந்துடுச்சு. சின்னப்பொண்ணும் இன்னும் நாலு பேரும் பஞ்சாயத்து ஆபீஸ்ல போய் உக்காந்து வாங்கிட்டு வந்துட்டாங்க. சரியா எங்க கேட்டுக்கு எதிர்ல கம்பம். வெள்ளை லைட்டு, எல்.இ.டி., மாடியில நின்னா சட்டைப் பொத்தானை எண்ணலாம். எல்லாம் போச்சு, தம்பி. பட்டியல்ல கொஞ்சம்தான் பாக்கி, ஒண்ணும் நடக்க மாட்டேங்குது. கறுப்புக் கம்பளி வாங்கி, அதைத் தலையோட போத்திக்கினு, டெலஸ்கோப்பையும் சேத்து மூடிக்கினு பாக்கறேன். உள்ள வேர்த்துக் கொட்டும். மூச்சு பட்டு லென்ஸ் மூடிக்கும். தொடைச்சுட்டுப் பாத்தா மறுபடி மூடிக்கும். ராத்திரி பூரா அந்தக் கம்பளிக்குள்ள. வெளிய வந்தா லைட்டு. வீட்டுக்குள்ள வந்தா, வீட்டுல யாரு இருக்கா? சோறு வெச்சாலும் ஒண்ணுதான், வெக்காட்டியும் ஒண்ணுதான். மலையை விட்டு எறங்கிடலாம்னா பட்டியல் நிக்குது. பட்டியலை விட்டுடலாம்னா, அப்புறம் எதுக்கு இத்தனை நாள் அங்க இருந்தேன்னு ஆயிடும். புரியுதா உங்களுக்கு?

ஃபியூஸ் கட்டையைப் புடுங்க வேண்டிய அவசியமே இப்ப இல்ல. லைட்டைப் போடறதுக்கு ஆளு இல்ல. ஆனாலும் பொழுது சாஞ்சா கை தானாப் போய்ப் புடுங்குது.

போன்ல பேசுவா. நான்தான் பண்ணுவேன். "சாப்பிட்டீங்களா"ன்னு கேப்பா. நான் லைட்டு வந்த அன்னைக்கே சொன்னேன், இப்படிப் பண்ணிட்டாங்கன்னு. அதுக்கு அவ, "நல்லா எரியுதா?"ன்னு கேட்டா.

"எரியுது."

"ராத்திரி பூராவா?"

"விடிய விடிய."

"பின்பக்கம் வரைக்கும் வெளிச்சம் வருதா?"

வருதுன்னேன். "சரி"ன்னா. அதுக்கப்புறம் ஒவ்வொரு தடவையும் இதையேதான் கேக்கறா. இன்னைக்கு எரிஞ்சுதா, மழையில அணைஞ்சுதா. வேற ஒண்ணும் கேக்கறதில்ல. எனக்கு எரிச்சலா வரும், என்னைக் குத்திக் காட்டறான்னு.

இப்ப மெட்ராஸுக்குத்தான் போறேன். அங்க எங்களை மாதிரி வானம் பாக்கறவங்க கிளப்பு ஒண்ணு இருக்கு. அவங்ககிட்ட எழுதி வாங்கிக்கினு, கலெக்டரைப் பாத்து, அந்த லைட்டை எடுக்க வெக்கணும்.

என்ன கேட்டீங்க? அந்த லைட்டு இருந்தா அவங்க திரும்பி வந்துடுவாங்களோன்னா?

யாரு?

இல்ல, அவ அப்படிச் சொல்லலையே, தம்பி. சொல்லியிருந்தா எனக்குத் தெரியாதா? எரியுதான்னுதான் கேட்டா. பின்பக்கம் வரைக்கும் வருதான்னுதான்...

பாலம் வந்துடுச்சு. வேலூருக்குள்ள வந்துட்டோம். பாருங்க எவ்வளவு வெளிச்சம்.

நீங்க இங்கதான எறங்கறீங்க? இருங்க, நானும்... கொஞ்சம் காலை நகத்துங்க, நானும் எறங்கிடறேன். ஆட்டோ புடிச்சா சத்துவாச்சாரி, புருஷோத்தமன் வீடு, பத்து நிமிஷம்.

...இல்ல. நீங்க போங்க. நான் உக்காந்துக்கறேன்.

அவளைத் தலைக்கட்டோட பாத்ததுதான் கடைசி. பிரிச்சப்புறம் பாக்கல. புருஷோத்தமன் வீட்டுல ஹால்ல நாலு டியூப் லைட்டு. எல்லாம் எரிஞ்சுக்கினு இருக்கும். அவ எதிர்ல வந்து நிப்பா.

தம்பி, நீங்க எந்தப் பக்கம்? காகிதப்பட்டறையா? அப்ப பக்கம்தானே. ஒரு ஒத்தாசை பண்ணுவீங்களா? இந்தாங்க, சீத்தாப்பழம், எங்க மலைப் பழம். கிளப்பு செக்ரட்டரிக்குன்னு எடுத்துக்கினு வந்தேன், பரவால்ல. பிள்ளையார் கோயிலுக்கு எதிர் சந்து, புருஷோத்தமன்னா யாரும் காட்டுவாங்க. அவகிட்டக் குடுங்க, தயாளன் குடுத்தாருன்னு, என் பேருதான். நான் பஸ்ஸுல போனேன்னு சொல்லாதீங்க. சொன்னாலும் பரவால்ல.

குடுக்கும்போது நெத்தியைப் பாருங்க. முடி வளந்திருக்கும். தழும்பு வெளிய தெரியுதா, எவ்வளவு நீளம்னு மட்டும் பாத்துட்டு எனக்கு ஒரு போன் பண்ணுங்க. சின்னதா இருந்தா சொல்லுங்க.

பெருசா இருந்தாலும் சொல்லுங்க.

எறங்குங்க, எறங்குங்க, விசில் அடிச்சுட்டான்.